ராத்திரி கத்துறது எந்த ஆந்தை?

மூன்றாமாண்டு மாணவர், மின்னணுவியல் மற்றும் தொடர்பியல் துறை

வைவாவில் பதில் தெரியாமல் நிற்கும்போது, "என்னப்பா, ஆந்தை மாதிரி முழிக்கிற?" என்று கேட்காத ஆசிரியர் உண்டா? நம்மில் பாதிப் பேர் அந்த வசனத்தைக் கேட்டுக் கேட்டுத்தான் மூன்றாம் ஆண்டு வரை வந்திருக்கிறோம். ஆனால், "சார், நீங்க சொல்றது எந்த ஆந்தை?" என்று யாராவது திருப்பிக் கேட்டதுண்டா? கேட்டால் இன்டர்னல் மார்க் போய்விடும், அது வேற விஷயம். கேள்வி என்னமோ நியாயமான கேள்விதான் நண்பர்களே! மஞ்சள் கண்ணை உருட்டி முழிக்கிற ஆந்தை இருக்கு. ஆரஞ்சு நிறக் கண் ஆந்தை இருக்கு. கருங்கண்ணால் சாதுவாகப் பார்க்கிற ஆந்தையும் இருக்கு. மூன்றும் வேற வேற பறவை. வேற வேற இடம், வேற வேற சாப்பாடு, வேற வேற குரல்.

எனக்குச் சொந்த ஊர் குச்சனூர். சனீஸ்வரர் கோயில் என்றால் உங்களுக்குத் தெரிந்திருக்கும். ஆடிச் சனிக்கிழமைகளில் எங்க ஊரில் நிற்க இடம் இருக்காது. மற்ற நாளில் சுரபி நதியும், நெல் வயலும், தென்னந்தோப்புமாக அமைதியாகக் கிடக்கும். கம்பம் பள்ளத்தாக்கில் முல்லைப் பெரியாறு தண்ணீரை நம்பி 14,707 ஏக்கரில் இருபோக நெல் விளைகிறது. 1895-இல் பென்னிகுயிக் கட்டி முடித்த அணையிலிருந்து மலையைக் குடைந்து வருகிற தண்ணீர் அது. நெல் இருந்தால் எலி இருக்கும். எலி இருந்தால் ஆந்தை இருக்கும். அதோடு கிழக்கே மேகமலை, மேற்கே ஏலமலை, நடுவில் ஆங்காங்கே பாறைக் கரடுகள், கம்மாய்க் கரைகளில் பழைய மரங்கள். வயல் ஆந்தை, தோப்பு ஆந்தை, பாறை ஆந்தை, தண்ணீர் ஆந்தை, காட்டு ஆந்தை என்று எல்லாவற்றுக்கும் இங்கே இடம் இருக்கிறது. இந்தியாவில் முப்பதுக்கும் மேற்பட்ட ஆந்தை இனங்கள் உண்டு. நம்ம பள்ளத்தாக்கிலும் சுற்றியுள்ள மலைகளிலும் சேர்த்து எட்டு ஒன்பது இனங்களைத் தேடிப் பார்க்கலாம்.

ஆனால் எங்க வீட்டில் இதெல்லாம் ஒரே பேர்தான்: சாக்குருவி! ராத்திரி எது கத்தினாலும் அம்மா எழுந்து அடுப்பில் ஒரு கை உப்பை அள்ளிப் போடுவார். பெரிசாக இருந்தால் "கோட்டான்" என்பார்கள். அதோடு வகைப்படுத்தல் முடிந்தது.

நாலு கேள்வி

ஆந்தையை அடையாளம் கண்டுபிடிப்பது நம்ம லேபில் ரெசிஸ்டரில் கலர் கோடு பார்த்து மதிப்பு சொல்கிற மாதிரிதான். எதைப் பார்க்கணும் என்று தெரிந்தால் போதும். முதலில் அளவு: மைனா அளவா, காக்கை அளவா, பருந்து அளவா? இரண்டாவது, தலையில் கொம்பு மாதிரி இறகு நிற்கிறதா, இல்லை மொழுமொழு உருண்டைத் தலையா? (அந்தக் கொம்பு காதே கிடையாது. வெறும் இறகுக் குஞ்சம். நிஜக் காது முகத்தின் பக்கவாட்டில் இறகுக்குள் மறைந்திருக்கும்.) மூன்றாவது, கண்ணின் நிறம். நாலாவது, குரல்.

இதில் குரல்தான் ராஜா. இருட்டில் மற்ற மூன்றும் தெரியாது. செல்போனில் சத்தத்தைப் பதிவு பண்ணி வைத்துக்கொண்டால் பிறகு பொறுமையாக ஒப்பிட்டுப் பார்க்கலாம். நம்ம துறைக்காரர்களுக்கு இது லட்டு மாதிரி வேலை.

தெருவிளக்குக்காரர்

நம்மில் பெரும்பாலோர் பார்த்திருப்பது புள்ளி ஆந்தை. மைனா அளவுதான். சாம்பல் கலந்த பழுப்பு உடம்பில் வெள்ளைப் புள்ளிகள், கொம்பில்லாத உருண்டைத் தலை, மஞ்சள் கண், மேலே வெள்ளைப் புருவம். சாயங்காலம் வெளிச்சம் இருக்கும்போதே வெளியே வந்து கரண்டுக் கம்பியில் ஜோடியாக உட்கார்ந்திருக்கும். நாம் உற்றுப் பார்த்தால் அது தலையை மேலும் கீழும் ஆட்டி ஆட்டி நம்மை உற்றுப் பார்க்கும். தூரத்தைக் கணக்குப் போடத்தான் அந்த ஆட்டம். ஆந்தையின் கண்ணை அது இருக்கும் குழியில் உருட்ட முடியாது, அப்படியே பொருத்தி வைத்த மாதிரி இருக்கும். அதனால்தான் கழுத்தை 270 டிகிரி வரை திருப்புகிறது. நமக்குக் கழுத்தில் ஏழு எலும்பு, ஆந்தைக்குப் பதினாலு.

இதன் குரல் "கிர்ர்ர்... சிவக் சிவக் சிவக்" என்று ஒரே சண்டையாகக் கேட்கும். இரண்டு மூன்று சேர்ந்துவிட்டால் குழாயடிச் சண்டை தோற்கும். பூச்சி, பல்லி, சுண்டெலி இதெல்லாம் சாப்பாடு. மரப்பொந்து, பழைய சுவரில் ஓட்டை, ஓட்டுக் கூரை இடுக்கு எதிலும் குடித்தனம் நடத்தும். நவம்பரிலிருந்து ஏப்ரல் வரை முட்டை, குஞ்சு என்று இருக்கும்.

கிரேக்க நாட்டில் அறிவுத் தெய்வம் அத்தீனாவின் பறவை ஆந்தை. அவர்களுடைய ஒரு யூரோ நாணயத்திலேயே ஆந்தைப் படம்தான். அந்த நாணயத்து ஆந்தையும் நம்ம புள்ளி ஆந்தையும் ஒரே பேரினம். அந்தப் பேரினத்துக்கு அறிவியல் வைத்திருக்கும் பெயரே அத்தீன். அங்கே பங்காளி நாணயத்தில் உட்கார்ந்திருக்க, இங்கே நம்ம ஆள் கல்லடி வாங்குகிறார்!

ஏன் கல்லடி? படுத்த படுக்கையாக இருக்கிறவர் வீட்டுப் பக்கம் கத்தினால் சாவு வரும் என்ற பேச்சுதான். கொஞ்சம் யோசித்துப் பாருங்கள். மற்ற வீடுகளில் ராத்திரி விளக்கை அணைத்துவிட்டுத் தூங்கிவிடுவார்கள். நோயாளி இருக்கிற வீட்டில் மட்டும் விடிய விடிய விளக்கு எரியும். விளக்குக்குப் பூச்சி வரும், பூச்சிக்குப் பல்லி வரும், இரண்டுக்கும் ஆந்தை வரும். அந்த வீட்டில்தான் ஆட்கள் முழித்திருக்கிறார்கள், அதனால் சத்தமும் அவர்கள் காதில்தான் விழுகிறது. இன்றைக்குத் தெருவெல்லாம் எல்.இ.டி. விளக்கு. ஆந்தை எல்லார் வீட்டு முன்னாடியும் கத்துகிறது. எல்லாருமா போய்ச் சேர்ந்துவிட்டோம்?

இரண்டு வருஷத்துக்கு முன்னால் எங்க தெருவில் ஒரு தாத்தா முடியாமல் கிடந்தார். பக்கத்துப் புளியமரப் பொந்தில் புள்ளி ஆந்தை குடும்பம். மூன்று ராத்திரி தொடர்ந்து கத்தியது. நாலாம் நாள் சிலர் ஏணி போட்டு ஏறி, பொந்துக்குள் வைக்கோலைத் திணித்துப் புகை போட்டார்கள். பெரிய பறவைகள் இரண்டும் பறந்துவிட்டன. குஞ்சு மூன்று, கண் திறந்து சில நாள்தான் இருக்கும், கீழே விழுந்து கிடந்தன. அது மாசி மாதம். தாத்தா ஆனி மாதம் இறந்தார். அப்போது அந்த மரத்தில் கத்துவதற்கு ஆந்தையே கிடையாது. இதை நான் வாதத்துக்காகத் தெருவில் சொன்னபோது, "படிச்ச திமிரு" என்று ஒரு பட்டம் கிடைத்தது. எங்க குடும்பத்தில் முதல் பட்டம் அதுதான். டிப்ளமோ அடுத்த வருஷம்தான் வரும்.

முகமே டிஷ் ஆன்டெனா

அடுத்தவர் கூகை. வெண்கூகை என்றும் சொல்வார்கள். இவரைப் பற்றிக் கொஞ்சம் நீட்டித்தான் எழுதப் போகிறேன், பொறுத்துக்கொள்ளுங்கள்.

காக்கையை விடக் கொஞ்சம் சின்ன உடம்பு, நீளமான கால். மேல்பக்கம் பொன்னிறமும் சாம்பலும் கலந்திருக்கும், அடிப்பக்கம் வெள்ளை. முகம் ஆப்பிளைக் குறுக்கே வெட்டாமல் நெடுக்கே வெட்டியது போல, இதய வடிவத்தில் வெள்ளையாக இருக்கும். அதில் இரண்டு கருங்கண்கள். கொம்பு கிடையாது. பழைய மண்டபம், கோபுரம், பாழடைந்த கிட்டங்கி, தூர்ந்த கிணறு இவைதான் முகவரி. "ஹூ ஹூ" என்றெல்லாம் கத்தாது. புதுத் துணியை ஒரே இழுப்பில் கிழிக்கிற மாதிரி "க்ஷ்ஷ்ரீஈஈ" என்று ஒரு கீச்சல். கூட்டில் குஞ்சுகள் பசியில் விடும் சத்தமோ, யாரோ குறட்டை விடுவது போலவே இருக்கும். பாழடைந்த கட்டடத்தில் ஆளில்லாமல் குறட்டை கேட்டால் ஊர் என்ன சொல்லும்? பேய் பங்களா! நம்ம பக்கத்துப் பேய்க் கதைகளில் பாதிக்குக் கூகைக் குஞ்சுதான் பொறுப்பு என்பது என் கணிப்பு.

இனி நம்ம சப்ஜெக்டுக்கு வருவோம். கூகையின் முகத்தட்டு ஒரு டிஷ் ஆன்டெனா. விறைப்பான இறகுகள் ஒலியைக் குவித்துக் காதுக்கு அனுப்புகின்றன. அந்தக் காதுகள் இரண்டும் ஒரே உயரத்தில் இல்லை. இடது காதுத் துளை சற்று மேலே இருந்து கீழ்நோக்கியும், வலது சற்றுக் கீழே இருந்து மேல்நோக்கியும் அமைந்திருக்கிறது. எலி இடது பக்கம் இருந்தால் சத்தம் இடது காதுக்கு முதலில் வரும். அந்த நேர வித்தியாசத்தை வைத்து இடமா வலமா என்று கண்டுபிடிக்கிறது. இரண்டு காதிலும் கேட்கும் ஒலியின் வலிமை வித்தியாசத்தை வைத்து மேலா கீழா என்று கண்டுபிடிக்கிறது. நேர வித்தியாசம் எவ்வளவு தெரியுமா? காதுக்குக் காது ஐந்தரை சென்டிமீட்டர் என்று வைத்துக்கொள்வோம். ஒலியின் வேகம் நொடிக்கு 340 மீட்டர். வகுத்துப் பாருங்கள், அதிகபட்சமே நொடியில் ஆறாயிரத்தில் ஒரு பங்குதான் வரும். இலக்கு முகத்துக்கு நேரே வர வர அதையும் விடக் குறையும். அதைக் கூகையின் மூளை அளந்துவிடுகிறது. நம்ம லேபில் ஆசிலாஸ்கோப்பை வைத்துக்கொண்டு நாம் படுகிற பாடு நமக்குத்தான் தெரியும்!

1950களின் கடைசியில் அமெரிக்காவில் ரோஜர் பெய்ன் என்ற இளம் ஆராய்ச்சியாளர், துளி வெளிச்சம் புகாத அறையில் கூகையை விட்டுச் சோதித்தார். காய்ந்த இலைகளுக்கு நடுவே ஓடிய எலியை அது இருட்டிலேயே பிடித்தது. சரசரக்கும் ஒரு பொருளை எலிக்குப் பின்னால் கட்டி இழுக்க விட்டபோது, எலியை விட்டுவிட்டு அந்தப் பொருளின் மேல் பாய்ந்தது. அப்படியானால் காதுதான் வழிகாட்டி என்று உறுதியானது. பிறகு திமிங்கிலங்களின் பாட்டை உலகத்துக்குச் சொல்லிப் புகழ் பெற்றவரும் இதே பெய்ன்தான்.

கேட்பது ஒரு பாதி என்றால் சத்தம் போடாமல் பறப்பது மறு பாதி. ஆந்தையின் இறக்கை முன்விளிம்பில் சீப்புப் பல் மாதிரி நுண்ணிய பற்கள், மேலே வெல்வெட் மாதிரி மெத்தை, பின்விளிம்பில் நூல் நூலாக ஓரம். காற்று பெரிய சுழலாக உருண்டு இரையாமல் சின்னச் சின்னதாக உடைந்து போகிறது. ஜப்பானில் 1997-இல் ஓடத் தொடங்கிய 500 வரிசை ஷிங்கன்சென் ரயிலுக்கு இதுவே கை கொடுத்தது. மணிக்கு 300 கிலோமீட்டர் வேகத்தில் மேல்கம்பியிலிருந்து மின்சாரம் எடுக்கும் பாண்டோகிராஃப் பயங்கரமாக இரைந்தது. பறவை பார்ப்பதைப் பொழுதுபோக்காக வைத்திருந்த எய்ஜி நகாட்சு என்ற பொறியாளர், ஆந்தை இறகின் பற்களைப் பார்த்து பாண்டோகிராஃபில் அதே போன்ற அமைப்பைச் சேர்த்து இரைச்சலைக் குறைத்தார். மெக்கானிக்கல் நண்பர்கள் கவனிக்க!

கூகை எலியை முழுசாக விழுங்கும். செரிக்காத எலும்பும் முடியும் உருண்டையாகி வாய் வழியாக வெளியே வந்து விழும். எங்க ஊர்ப் பழைய கிட்டங்கி ஒன்றின் கீழே இந்த உருண்டைகளைப் பொறுக்கி வந்து, தண்ணீரில் ஊறவைத்துப் பிரித்துப் பார்த்தேன். ஒரு உருண்டையில் மூன்று மண்டை ஓடுகள். மூன்றும் எலி வகை. நீளமான மஞ்சள் முன்பல்லை வைத்தே சொல்லிவிடலாம். அப்பா பக்கத்தில் உட்கார்ந்து பார்த்துக்கொண்டிருந்தார். அவர் வாரத்துக்கு நெல் போடுகிறவர். பயிர் பால் பிடிக்கிற சமயத்தில் ஒரு ராத்திரியில் எலி எத்தனை தூரை வெட்டிச் சாய்க்கும் என்று அவருக்குத்தான் தெரியும். கிட்டி வைக்கிறவருக்கு எலிக்கு இவ்வளவு என்று எண்ணிக் காசு கொடுக்கிறவர். மூன்று மண்டை ஓட்டையும் விரலால் நகர்த்திப் பார்த்துவிட்டு, "இவன் கூலியே கேக்கலயேடா" என்றார். எங்க வீட்டில் சாக்குருவி என்ற பேச்சு பாதி குறைந்தது அன்றைக்குத்தான். அம்மா மட்டும் இன்னும் உப்பை விடவில்லை.

காவிரி டெல்டாவில் விவசாயிகள் தென்னை மட்டையைத் தலைகீழாக வயலில் நட்டு வைக்கும் வழக்கம் உண்டு. ஆந்தை உட்கார்ந்து எலி பார்க்க அது ஆசனம். மயிலாடுதுறைப் பக்கம் மன்னம்பந்தல் ஏ.வி.சி. கல்லூரி ஆராய்ச்சியாளர்கள் கூகை உமிழும் உருண்டைகளைப் பிரித்து, பெரும்பாலும் வயல் எலிகள்தான் அதன் உணவு என்று காட்டியிருக்கிறார்கள். மலேசியாவில் நம்ம தமிழர்கள் உழைக்கிற செம்பனைத் தோட்டங்களில் எலியைக் கட்டுப்படுத்தக் கம்பத்தின் மேல் மரப்பெட்டி வைத்துக் கூகையைக் குடியேற்றுகிறார்கள். இரண்டடி நீளம், ஒன்றரை அடி அகலம், ஒன்றரை அடி உயரத்தில் ஒரு பெட்டி, அரையடி வாசல். நம்ம ஒர்க்‌ஷாப்பில் ஒரு மத்தியான வேலை. 'டி' வடிவத்தில் குச்சி நட்டாலும் போதும், பயிரை விட உயரமாக நிற்க வேண்டும். கதிர் முற்றும்போது மட்டும் எடுத்துவிடுங்கள், இல்லாவிட்டால் பகலில் நெல் தின்னும் குருவிகள் அதே குச்சியில் வந்து உட்கார்ந்துகொள்ளும்.

தோப்பில் ஒரு தவளை

தென்னந்தோப்பு, மாந்தோப்புப் பக்கம் ராத்திரியில் சில நொடிக்கு ஒருதரம் "வட்?... வட்?..." என்று யாரோ மெதுவாகக் கேள்வி கேட்கிற மாதிரி சத்தம் வரும். தவளை என்று நினைத்துப் போய்விடுவோம். அது மைனா அளவே உள்ள ஒரு குட்டி ஆந்தை. தலையில் இரண்டு குஞ்சம், கண் கரும்பழுப்பு. பகலில் மரப்பட்டையோடு பட்டையாக ஒட்டிக்கொண்டு கண்ணை மூடிவிட்டால் ஒரு முழம் தள்ளி நின்றாலும் தெரியாது. கேட்பது சுலபம், பார்ப்பது கஷ்டம் என்கிற ரகம்.

பெரியவர்கள் மூவர்

பருந்து அளவில் மூன்று பெரிய ஆந்தைகள் உண்டு.

முதலாவது கொம்பன் ஆந்தை. இரண்டடிக்குச் சற்றுக் குறைவான உயரம், எடுப்பான கொம்புகள், ஆரஞ்சுக் கண். விரல் வரை காலில் இறகு. பாறைக் கரடு, ஓடைச் சரிவு, அதை ஒட்டிய காடுகரை இதன் இடம். பாறை இடுக்கில் வெறும் தரையிலேயே முட்டையிடும். குரல் ஆழமாக "பூ... போஓஓ" என்று இரண்டு சுரத்தில் வரும். ரொம்ப தூரம் கேட்கும். எலி, முயல் எல்லாம் வேட்டை.

இரண்டாவது மீன் ஆந்தை. பூமன் ஆந்தை என்பதும் இதுதான். பார்க்க அண்ணன் தம்பி மாதிரி இருந்தாலும் கண் மஞ்சள், கொம்பு சரிந்து கிடக்கும், கால் மொட்டை. தண்ணீரில் காலை விட்டு மீனும் நண்டும் பிடிக்கிறவனுக்குக் காலில் இறகு இருந்தால் நனைந்து கனக்குமே! அதற்குப் பதிலாகப் பாதத்தில் முள்முள்ளாகச் செதில், வழுக்கும் மீனைப் பிடிக்க. ஆற்றங்கரை, கம்மாய்க்கரைப் பெரிய மரங்களில் இருக்கும்.

மூன்றாவதற்குக் கொம்பு இல்லை. உருண்டைத் தலை, கரிய கண், முகத்தில் தண்ணீரில் கல் போட்டது போல வட்ட வட்டமாகக் கோடுகள். புளி, ஆல், மா என்று பழைய மரத்தோப்புகளில் வாழும் பொறி ஆந்தை. இதன் குரல்தான் குலை நடுங்க வைக்கும். நடுங்கிக்கொண்டே "ஊவாஆஆ..." என்று இழுக்கும். எங்க அம்மா ஜீப்பில் கேரளா ஏலத்தோட்டத்துக்கு வேலைக்குப் போகிறவர். அங்கே உள்ளவர்கள் இதைக் "காலன்கோழி" என்பார்கள், அதாவது எமனுடைய கோழி. கூப்பிடுகிற மாதிரியே குரல் இருப்பதால் அந்தப் பெயர்.

இங்கேதான் ஒரு வேடிக்கை. கேரளாவில் எமனின் தூதர் பொறி ஆந்தை. நம்ம தெருவில் தூதர் புள்ளி ஆந்தை, சில ஊரில் கூகை. இலங்கையில் "உலமா" என்று ஒரு பேய்ப் பறவைக் கதை உண்டு. மனுஷன் அலறுவது போல அலறும் அந்தப் பறவை, அடர்காட்டில் வாழும் இன்னொரு பெரிய கொம்பு ஆந்தை என்கிறார்கள். அது மேற்குத் தொடர்ச்சி மலைக் காடுகளிலும் இருக்கிறது. எமனுக்கு ஊருக்கு ஒரு ஏஜென்டா? வட நாட்டிலோ ஆந்தை லட்சுமியின் வாகனம். அந்தந்த ஊரில் எந்த ஆந்தை ராத்திரி அதிகம் கத்துகிறதோ, அதன் தலையில் இந்தப் பழி விழுகிறது, அவ்வளவுதான். இதை அம்மாவிடம் சொன்னபோது கொஞ்ச நேரம் யோசித்தார். "அப்போ எமன் கேரளாவுக்கு ஒருத்தனும் தமிழ்நாட்டுக்கு ஒருத்தனும் வச்சிருப்பான்" என்றார். பதில் பேச முடியவில்லை.

மலையேறினால் இன்னும் சில உண்டு. உடம்பெல்லாம் புள்ளிக்குப் பதில் குறுக்குக் கோடு போட்ட சின்னக் காட்டு ஆந்தை, பார்க்கப் பருந்து மாதிரியே இருந்து "ஊ-உக், ஊ-உக்" என்று கூப்பிடும் வேட்டைக்கார ஆந்தை என்று. இவற்றைப் பார்க்க மேகமலைப் பக்கம் போக வேண்டும். 2021-இல் அது ஸ்ரீவில்லிபுத்தூர்–மேகமலை புலிகள் காப்பகம் ஆகிவிட்டதால் வனத்துறை அனுமதி இல்லாமல் ராத்திரியில் காட்டுக்குள் சுற்ற முடியாது. எனவே இத்துடன் நிறுத்திக்கொள்கிறேன்.

ஒரு எச்சரிக்கை. ராத்திரி பைக்கில் வரும்போது நடுரோட்டில் தரையோடு தரையாக உட்கார்ந்து, லைட் பட்டதும் கண் சிவப்பாக எரிந்து, கடைசி நொடியில் எழுந்து பறக்குமே, அது ஆந்தையே இல்லை. பக்கிக் குருவி. வாயைத் திறந்துகொண்டே பறந்து பூச்சி பிடிக்கும் வேறு குடும்பம்.

காக்கையும் கூகையும்

எங்க ஊர் சாமிக்கு வாகனம் காக்கை. கோயிலில் காக்கைக்குத் தனி மரியாதை. அந்தக் காக்கைக்கும் ஆந்தைக்கும் ஆகவே ஆகாது. திருக்குறளில் காலமறிதல் அதிகாரத்தின் முதல் குறள் (481) நமக்குப் பள்ளியிலேயே மனப்பாடம். தன்னை விட வலிய கூகையைக் காக்கை பகலில் வென்றுவிடும் என்கிறார் வள்ளுவர். பகலில் ஆந்தைக்குக் கண் தெரியாது என்பதால்தானே என்று நினைக்கலாம். அப்படி இல்லை. ஆந்தைக்குப் பகலிலும் நன்றாகவே கண் தெரியும். காக்கைகள் கூட்டமாக வந்து சூழ்ந்துகொண்டால், ராத்திரி தனியாக வேட்டையாடிப் பழகிய பறவை தப்பித்து ஓடத்தான் பார்க்கும். இருட்டியபின் கணக்கு மாறும். பெரிய ஆந்தைகள் தூங்கும் காக்கையைப் பிடித்துத் தின்கின்றன. காலையில் காட்டும் கோபத்துக்குக் காரணம் இருக்கிறது. அடையாளம் காண்பவர்களுக்கு இதில் ஒரு லாபம்: பகலில் ஒரே மரத்தைச் சுற்றிக் காக்கைகள் கத்திக் கொண்டாடினால் அங்கே போய் அண்ணாந்து பாருங்கள். பல நேரம் ஆந்தை இருக்கும்.

சங்க காலப் புலவர் ஒருவர் பெயரே கூகைக் கோழியார். அந்தக் காலத்தில் இந்தப் பறவையைப் பெயரில் சுமக்க ஒருவர் வெட்கப்படவில்லை.

பெயர் தெரிவதால் என்ன லாபம்?

பறவைக்குப் பேர் தெரிந்து என்ன ஆகப் போகிறது, வேலை கிடைக்குமா என்று என் அறைத்தோழன் கேட்கிறான். ஜெயிலுக்குப் போகாமல் இருக்கலாம் என்பது என் முதல் பதில். விளையாட்டு இல்லை. போன தீபாவளிக்குக் கொஞ்சம் முன்னால் எங்க பக்கத்துப் பையன்களிடம் வெளியூர்க்காரர் ஒருவர், "கொம்பு உள்ள ஆந்தை பிடிச்சுக் கொடுத்தா நல்ல காசு" என்று கேட்டுப் போயிருக்கிறார். மந்திர தந்திரத்துக்காம். பெரிய உடம்பும் கொம்பும் உள்ள ஆந்தைகளுக்குத்தான் கிராக்கி அதிகம் என்று, காட்டுயிர் வியாபாரத்தைக் கண்காணிக்கும் 'டிராஃபிக்' அமைப்பின் 2010 அறிக்கையும் சொல்கிறது. மைனா அளவுக் குட்டி ஆந்தைக்கும் கொம்பு இருக்கிறதே, அதையும் பிடித்து, "இது கொம்பன் குஞ்சு" என்று விற்றுவிடுவார்கள். 1972-ஆம் ஆண்டு வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டப்படி எந்த ஆந்தையையும் பிடிப்பதும் விற்பதும் வீட்டில் வைத்திருப்பதும் குற்றம். மூன்று வருஷம் வரை சிறை, ஒரு லட்சம் ரூபாய் வரை அபராதம். சட்டத்தின் முதல் அட்டவணையில் உள்ள இனமாக இருந்தால் குறைந்தது மூன்று வருஷம், ஏழு வருஷம் வரை போகும். கேட்டவர் காணாமல் போய்விடுவார், பிடித்துக் கொடுத்த பையன் மாட்டுவான். ஒரு பையன் மேல் கேஸ் வந்தால் வீட்டில் எத்தனை பேருடைய உழைப்பு வீண் என்று முதல் தலைமுறையாகப் படிக்கிற நமக்குச் சொல்லித் தர வேண்டியதில்லை.

இரண்டாவது பதில் எலி மருந்து. மருந்து தின்ற எலி உடனே சாவதில்லை. சில மருந்துகள் நாள் கணக்கில் எடுத்துக்கொள்ளும். அதுவரை எலி தள்ளாடிக்கொண்டு வரப்பில் திரியும். கூகைக்கு அதைவிடச் சுலபமான இரை எது? மருந்து எலியோடு சேர்த்து எலி பிடிப்பவனையும் கொல்கிறது. கூகை எங்கே குடியிருக்கிறது என்று தெரிந்தால், அந்தப் பக்கத்து வயல்களுக்காவது கிட்டி போதும் என்று சொல்ல முடியும். எங்க அப்பா இந்தப் போகம் கிட்டி மட்டும்தான் வைத்திருக்கிறார். பக்கத்து வயல்காரர் சிரிக்கிறார். அறுவடைக்குப் பிறகு பார்ப்போம்.

மூன்றாவது மரம். பொந்து விழ ஒரு மரத்துக்கு எத்தனை பத்தாண்டு ஆகும்! சாலையை அகலமாக்கும்போது நம்ம பக்கம் போன புளியமரங்களோடு அந்தப் பொந்துகளும் போய்விட்டன. புள்ளி ஆந்தைக்குச் சுவர் ஓட்டை கிடைக்கும், பொறி ஆந்தைக்குப் பெரிய மரம்தான் வேண்டும்.

ஆந்தைக் குஞ்சு தரையில் கிடந்தால் வீட்டுக்குத் தூக்கி வந்து பால் ஊற்றாதீர்கள். பால், பிஸ்கட் எதுவும் அதன் உணவு இல்லை. பறக்கக் கற்பதற்கு முன்னாலேயே கூட்டை விட்டு வெளியே தத்தி வருவது ஆந்தைக் குஞ்சின் வழக்கம். காயமில்லை என்றால், நாய் பூனை எட்டாத கிளையில் வைத்துவிட்டு விலகி நில்லுங்கள். இருட்டியதும் தாயும் தகப்பனும் வந்து ஊட்டும். காயம் இருந்தால் வனத்துறைக்குச் சொல்லுங்கள்.

நான் ஒரு நாற்பது பக்க நோட்டில் தேதி, நேரம், இடம், சத்தம் என்று நாலு கட்டம் போட்டு எழுதி வருகிறேன். இதுவரை நான்கு இனம் கண்ணாலும் காதாலும் உறுதியாகியிருக்கிறது: புள்ளி ஆந்தை, கூகை, தோப்புத் தவளைக்காரர், அப்புறம் ஒரே ஒரு தடவை பொறி ஆந்தை. ஐந்தாவதுதான் இழுத்துக்கொண்டிருக்கிறது. கம்மாய்க்கரை மருதமரத்துப் பக்கம் மார்கழிக் குளிரில் ஒரு கனத்த குரல். பின்னால் கரடு, முன்னால் தண்ணீர். கொம்பனும் வரலாம், மீன் ஆந்தையும் வரலாம். செல்போனில் பதிவு பண்ணியதில் தவளைகள்தான் பாடுகின்றன. காலைப் பார்த்துவிட்டால் தீர்ந்தது: இறகுக் காலா, மொட்டைக் காலா? அடுத்த மார்கழி விடுமுறையில் கூட வர நினைக்கிற நண்பர்கள் சொல்லி அனுப்புங்கள். டார்ச் வேண்டாம், கண்ணில் அடித்தால் பறந்துவிடும். கொசுவத்தி மட்டும் மறக்காமல் கொண்டு வாருங்கள்.